எட்டு ஞாயிறும் ஓர் எக்கோ குமிழும்

பலெர்மோவில் இருக்கும் எங்கள் ஆட்களில் இத்தாலியத் தொலைக்காட்சியில் பாடியவன், எனக்குத் தெரிய, நான் ஒருவன்தான். இதை நானாக யாருக்கும் சொல்வதில்லை. கேட்டால்தான் சொல்வேன். கேட்காவிட்டால், கேட்கிற மாதிரிக் கதையைக் கொண்டுபோய் விடுவேன்.

அந்தப் புகழ் வாழ்க்கை மொத்தம் எட்டு ஞாயிற்றுக்கிழமை நீடித்தது. அதில் ஆறு ஞாயிறு நான் பாடவில்லை, வாயை அசைத்தேன். ஏழாவது ஞாயிறு ஒரு வாளி என்னைவிடத் திறமாகச் செய்தது. எட்டாவது ஞாயிறு உண்மையாகவே பாடினேன். அத்தோடு எல்லாம் முடிந்தது.

இதில் நான் இழந்தது தொலைக்காட்சியை என்றால் எழுதவே வந்திருக்க மாட்டேன். என் மச்சானுடைய வலது கைச் சுட்டுவிரலை அல்லவா இழந்துவிட்டு நின்றேன்.

மச்சான் என் மனைவியின் தம்பி. கிழமை நாட்களில் ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை. சனி, ஞாயிறில் எங்கள் ஆட்களின் கொண்டாட்டங்களுக்குச் சவுண்ட் போடுவான். பெண்பிள்ளை பெரியவளானதற்குச் செய்யும் சாமத்தியவீடு, பிறந்தநாள், கோயில் பொங்கல், மாதா கோயில்காரரின் முதல்நன்மை விருந்து, எதுவென்றாலும் அவனுடைய இரண்டு பெரிய ஸ்பீக்கரும் ஒரு பழைய மிக்சரும் விருந்தினருக்கு முன்னமே மண்டபத்துக்கு வந்துவிடும். அந்த மிக்சரில் ஒரு சிவப்புக் குமிழ் இருக்கிறது. அதுதான் எக்கோ. எங்கள் சனத்துக்கு எக்கோ குறைந்தால் சவுண்ட் சரியில்லை என்று பொருள். அறிவிப்பாளர் ஒரு வணக்கம் சொன்னால் சபைக்கு நாலு வணக்கமாவது கிடைக்க வேண்டும். அப்போதுதான் விழா தொடங்கியதாக நம்பி ஆட்கள் கதிரையில் அமர்வார்கள்.

பதினைந்து வருடமாக அந்த மண்டபங்களில் கரோக்கேக்குப் பாடுகிற ஆள் நான். நான் தொடங்கினால் மச்சான் மேசைக்குப் பின்னால், முகத்தில் ஓர் உணர்ச்சியும் இல்லாமல், சிவப்புக் குமிழில் சுட்டுவிரலை வைத்துக்கொண்டு இருப்பான். சுருதி எந்த இடத்தில் விலகப் போகிறது என்று பாடுகிற எனக்குத் தெரியாது. அவனுக்குத் தெரியும். சரியாக அந்த இடத்தில் குமிழ் திரும்பும். என் பிழையான ஸ்வரம் புகைக்குள் போன ஆட்டோ மாதிரிக் காணாமல் போய்விடும். சபை கை தட்டும். நான் குனிந்து வணங்குவேன். அவன் வயரைச் சுற்றத் தொடங்குவான்.

வேலையிலும் எனக்கு எக்கோதான். ஸ்தாசியோனே சென்ட்ராலே என்ற பெரிய ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் ஐந்து மாடிப் பழைய கட்டிடம் ஒன்றின் படிகளை நான்தான் கழுவுகிறேன். மாபிள் படி, ஆளுயரம் மூன்று அடுக்கின கூரை. ஓர் இருமல் இருமினால் அது மேலே போய் எல்லார் வீட்டுக் கதவையும் தட்டிவிட்டு வரும். ஆக, மண்டபத்தில் மச்சான், வேலையில் மாபிள். என் சொந்தக் குரலை நான் அதுவரை நேரில் சந்தித்ததே இல்லை. இது எனக்குத் தெரியாமல் இருந்ததுதான் பிழை. எக்கோ இல்லாமல் கடவுள் வணக்கம்கூடச் சொல்லாத சனத்தில் பிறந்தவன் வேறென்ன பிழை விடுவான்?

மூன்றாம் மாடியில் ஓர் இத்தாலிய அம்மா இருக்கிறார். நான் சிஞ்ஞோரா என்பேன். எழுபது தாண்டிவிட்டது, குரல் மட்டும் இருபதில் நிற்கிறது. நான் மொப் அடித்துக்கொண்டு சிசிலியப் பாட்டுகள் பாடினால் கதவைத் திறந்து வைத்துக் கேட்பார். நிறுத்தினால், "ஏன் நிப்பாட்டினனீ? படி இன்னும் காயேல்லை" என்பார். அவர் பேசுவது சிசிலியம்தான். இத்தனை வருடப் பழக்கத்தில் எனக்கு அது யாழ்ப்பாணத் தமிழாகத்தான் காதில் விழும். விழுகிற மாதிரியே எழுதுகிறேன்.

அவருடைய தமக்கையின் மகன் ஓர் உள்ளூர்ச் சனலில் சவுண்ட்காரர். ஞாயிறு மத்தியானச் சாப்பாடு முடிந்து, வீடுகளில் பழம் வெட்டுகிற நேரத்தில் போகும் பாட்டு நிகழ்ச்சிக்கு வேலை செய்பவர். பாட்டுக்காரர் நாலைந்து பேர், புறா வைத்திருக்கும் ஒரு வித்தைக்காரர், தன் பகிடிக்குத் தானே முதலில் சிரிக்கும் ஒரு நகைச்சுவைக்காரர், நடுநடுவே மெத்தை விளம்பரம். தொகுப்பாளரின் தலைமயிர் புயலடித்தாலும் அசையாது. அந்தச் சவுண்ட்காரர் ஒருநாள் தன் சின்னம்மாவைப் பார்க்க வந்தவர், இரண்டாம் மாடியில் நின்று என் பாட்டை முழுதாகக் கேட்டார். பிறகு என் ஈரக் கையைப் பிடித்துக் குலுக்கினார். வியாழக்கிழமை பதிவுக்கு வரச் சொன்னார்.

பதிவு அறை ஒரு குளிர்சாதனப்பெட்டி அளவுதான். சுவர் முழுக்கப் பஞ்சு ஒட்டியிருந்தது. நான் கண்ணை மூடிப் பாடினேன். அவர் திரும்பப் போட்டுக் காட்டினார்.

"இது யார்?" என்று கேட்டேன்.

"நீங்கள்தான்."

தடிமன் பிடித்த பஸ் கொண்டக்டர் ஒருவர் ரிக்கற் கேட்கிற மாதிரி இருந்தது. மிஷினில் ஏதோ பழுது என்றேன். நல்ல மனிதர், வயரை மாற்றினார். மைக்கை மாற்றினார். கடைசியில் பாட்டையும் மாற்றிப் பார்த்தோம். கொண்டக்டர் இறங்குவதாக இல்லை. வெளியே போய் மச்சானுக்கு ஃபோன் எடுத்தேன்.

"மச்சான், இஞ்சை எக்கோ இல்லையடா."

"இல்லாமல் எப்பிடி அத்தான் பாடுறியள்?"

"அதுதானே பிரச்சினை."

"ஒண்டும் செய்யாதேங்கோ. வாயைத் திறக்காதேங்கோ. வாறன்."

சமையலறை ஏப்ரனோடு, மிக்சரைக் குளிக்கிற துவாயில் சுற்றி ஸ்கூட்டரில் வைத்துக்கொண்டு வந்தான். சவுண்ட்காரருக்குப் பசி நேரம். அந்தப் பழைய பெட்டியைப் பார்த்துச் சிரித்தாலும், செருகிப் பார்க்க விட்டார். சிவப்புக் குமிழ் திரும்பியது. கொண்டக்டர் இறங்கினார், நான் ஏறினேன். சவுண்ட்காரர் மச்சானுடைய விரலையே பார்த்துக்கொண்டிருந்தார். "பாட்டு எங்கே விழும் என்று இவர் முன்கூட்டியே தெரிந்து பிடிக்கிறாரே" என்றார். நான் அதை மச்சானுக்குச் சொன்னபோது 'விழும்' என்ற சொல்லை விட்டுவிட்டுச் சொன்னேன்.

அந்த நிகழ்ச்சியில் எல்லாரும் வியாழன் பதிந்த பாட்டுக்கு ஞாயிறு வாயசைப்பவர்கள்தான். புறா மட்டும்தான் நேரடியாக நடித்தது. எனக்குத் தங்க நிறத்தில் ஒரு தலைப்பாகை கட்டினார்கள். தொகுப்பாளர் என்னை "எங்கள் இந்தியானோ" என்றார். நான் இலங்கை என்று திருத்தவில்லை. தலைப்பாகை அவிழ்ந்துவிடுமோ என்ற பயம் ஒன்று. புகழ் வரும்போது குறுக்கே நிற்கக் கூடாது என்ற நல்லெண்ணம் மற்றது.

வீட்டுக்கு வந்தேன். மனைவி கதவைத் திறந்து என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"இஞ்சாருங்கோ, ஒட்டகத்தை எங்கை கட்டிப்போட்டு வந்தனீங்கள்?"

ஆனாலும் புகழ் வந்தது. வுச்சீரியாச் சந்தையில் மீன் விற்கிறவர் என்னைக் கண்டதும் கத்தியைக் கீழே வைத்துவிட்டு என் பாட்டைப் பாடினார், என்னைவிடச் சுருதியாக. பஸ்ஸில் ஒரு பெண் எழுந்து எனக்கு இடம் தந்தார். புகழுக்காகவா நரைக்காகவா என்று கேட்கவில்லை. கோயில்காரரும் மாதா கோயில்காரரும் ஒரே ஞாயிற்றுக்கிழமைக்கு என்னைக் கூப்பிட்டார்கள். நான் படி கழுவும்போது நடையில்கூட ஒரு மாற்றம் வந்துவிட்டதாகச் சிஞ்ஞோரா சொன்னார். "மொப்பைச் செங்கோல் மாதிரிப் பிடிச்சிருக்கிறாய். மூலையிலை தூசு அப்பிடியே கிடக்கு."

ஒவ்வொரு வியாழனும் மச்சான் துவாயும் மிக்சருமாக வந்துகொண்டிருந்தான். ஒன்றும் கேட்கவில்லை. ஆறாவது வியாழன் மட்டும், வயரைச் சுற்றிக்கொண்டு, என் முகத்தைப் பாராமல் சொன்னான்.

"அத்தான், இந்த முறை உங்களோடை கதைப்பினமாமே, பேட்டி மாதிரி. என்ரை பேர் ஒண்டும் வேண்டாம். சவுண்ட் மச்சான்தான் எண்டு ஒரு சொல்லுச் சொல்லிவிடுங்கோ. அம்மா ஊரிலை ஃபோனிலை பாப்பா."

"இதென்னடா கேள்வி? கட்டாயம் சொல்லுவன்."

ஞாயிறு வந்தது. வாயசைத்து முடித்தேன். தொகுப்பாளர் தோளில் கை போட்டார். "இந்தியானோ, இவ்வளவு அழகான குரல் எங்கிருந்து வந்தது? யார் உதவியது?"

விளக்கு வெளிச்சத்தில் கண் கூசியது. ஐம்பது பேர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் நெஞ்சில் ஒரு கையை வைத்து, மற்றக் கையால் மேலே காட்டி, "ஒருவரும் இல்லை. கடவுளும் நானும்தான்" என்றேன்.

மேலே காட்டியது சுட்டுவிரலால். அந்த நேரத்திலாவது இன்னொரு சுட்டுவிரல் ஞாபகம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. சபை கை தட்டியது. ஒரு கிழவர் கண்ணைத் துடைத்தார்.

வீட்டில் மனைவி கை தட்டவில்லை. மச்சான் தன்னோடு வேலை செய்கிற நாலு இத்தாலியரை வீட்டுக்குக் கூப்பிட்டு, ரோல்ஸ் பொரித்துக் கொடுத்து, தலை இழுத்து, ஷேர்ட் மாற்றித் தொலைக்காட்சிக்கு முன்னால் இருந்தானாம். ஊரில் மாமி அயலட்டையைக் கூட்டி வைத்திருந்தாராம்.

"மச்சானுக்கு இத்தாலியனிலை என்ன சொல்லுறது?" என்று கேட்டாள்.

"கொஞ்ஞாத்தோ."

"அந்தச் சொல்லு வாயிலை வராதோ?"

"அந்தரத்திலை இத்தாலியன் மறந்து போச்சுது."

"ஓமோம். அவன் வந்த புதிசிலை குவெஸ்தூராப் பொலிஸ் கந்தோர் வாசலிலை, இவன் ஆர் எண்டு பொலிஸ்காரன் கேட்டவுடனை, 'மியோ கொஞ்ஞாத்தோ, மியோ கொஞ்ஞாத்தோ' எண்டு நாலு தரம் கத்தினனீங்கள். தெருவே திரும்பிப் பாத்தது. அண்டைக்கு வந்த இத்தாலியன் இண்டைக்கு எங்கை போட்டுது?"

அவள் சொன்னது சரி. எனக்குச் சொல் வராமல் இல்லை. அந்த ஒரு நிமிடம் முழுவதும் எனக்கே எனக்காக இருக்கட்டும் என்று ஆசைப்பட்டேன், அவ்வளவுதான். இதை இப்போது எழுதுகிறேன். அன்றைக்கு, மெத்தை விளம்பரத்துக்கு நேரமாகிவிட்டது என்றேன்.

அடுத்த நாள் மச்சானுக்கு எடுத்தேன்.

"வணக்கம் அண்ணை, சொல்லுங்கோ."

அத்தான் போய் அண்ணை வந்துவிட்டது. பஸ் நிற்கும் இடத்தில் நேரம் கேட்கிற ஆளைச் சொல்லுகிற அண்ணை.

"மச்சான், வியாழக்கிழமைப் பதிவு..."

"மிக்சர் திருத்தக் குடுத்திட்டன்."

"ஆரிட்டை?"

"கடவுளிட்டை. நீங்களும் அவரும்தானே அண்ணை, கேட்டு வாங்குங்கோவன்."

வைத்துவிட்டான். அந்த வியாழன் வரை யோசித்தேன். மன்னிப்புக் கேட்பது பற்றி என்று நினைக்காதீர்கள். எக்கோவை எங்கே எடுப்பது என்றுதான். பிறகு மூளை வேலை செய்தது: என்னிடம்தான் ஐந்து மாடி எக்கோ சும்மா கிடக்கிறதே!

படியில் நின்று, ஃபோனை யன்னல் விளிம்பில் வைத்துப் பாடினேன். அருமையாக வந்தது. கடைசிச் சரணத்தில் நான் மேலே போய்க்கொண்டிருந்தபோது சிஞ்ஞோரா சந்தையிலிருந்து வந்து, நான் படியில் வைத்திருந்த வாளியில் காலால் முட்டினார். வாளி உருண்டது. மன்னிப்புக் கேட்டு, பையை வாங்கி, மேலே கொண்டுபோய்க் கொடுத்தேன். பதிவைப் போட்டுக் கேட்டேன். என் குரலைக் கேட்டால் பாதியிலேயே எனக்குக் கண் கலங்கிவிடும். கலங்கிய இடத்தில் நிறுத்தி, திருப்தியோடு அனுப்பிவிட்டேன். சவுண்ட்காரரும் அன்றைக்குச் சாப்பாட்டு அவசரத்தில் முழுதும் கேட்கவில்லை.

ஏழாவது ஞாயிறு, தலைப்பாகையோடு, கைகளை விரித்து, கண்ணை மூடி வாயசைத்துக்கொண்டிருந்தேன். கடைசிச் சரணத்தில் ஸ்பீக்கரில் வாளி உருண்டது. மாபிள் படியில், ஒவ்வொரு படியாக. அதன் பின்னால் சிஞ்ஞோராவின் குரல், ஐந்து மாடியும் ஏறி இறங்கியது.

"வாளியை ஆர் இதிலை வைச்சது? என்னைக் கொல்லவோ பாக்கிறாய், கழுதை!"

இந்த இடத்தில் ஒரு நல்ல கலைஞன் வாயை மூடியிருப்பான். என் வாய் ஆறு கிழமைப் பழக்கத்தில் அதையும் அசைத்துவிட்டது. ஒரு கிழவியின் குரலில், தங்கத் தலைப்பாகையோடு, பலெர்மோ முழுவதும் பார்க்க, நானே என்னைக் கழுதை என்றேன்.

சபை எழுந்து நின்று சிரித்தது. நகைச்சுவைக்காரர் மட்டும் சிரிக்கவில்லை. அவருக்கு அது தொழில் போட்டி. சவுண்ட்காரர் கண்ணாடிக்குப் பின்னால் தலையில் கை வைத்து, "அது என் சின்னம்மா!" என்றார்.

அடுத்த ஞாயிறு எங்கள் இரண்டு பேரையும் நேரடியாக அழைத்தார்கள், வாளியோடு. நான் நேரில் பாடுவது, சிஞ்ஞோரா பக்கத்தில் இருப்பது என்று ஏற்பாடு. மச்சானைக் கேட்கலாமா என்று ஃபோனை எடுத்து, அவன் பேரைப் பார்த்து, திரும்ப வைத்தேன். அண்ணை என்ற சொல்லை இன்னொரு முறை கேட்கத் தைரியம் இல்லை.

எட்டாவது ஞாயிறு பாடினேன். எக்கோ இல்லை. மாபிள் இல்லை. விரல் இல்லை. கொண்டக்டர் முதல் வரியிலேயே ஏறிவிட்டார். நாலு வரி போனது. தொகுப்பாளரின் தலைமயிர் முதன்முறையாக அசைந்ததைக் கண்டேன். சிஞ்ஞோரா எல்லாருக்கும் கேட்கச் சொன்னார்.

"படியிலை நல்லாத்தானே பாடுறவன். இஞ்சை வந்து என்ன நடந்தது இவனுக்கு?"

கைதட்டல் அவருக்கு. மெத்தை விளம்பரம் எனக்கு, பத்து நிமிடம் முன்னதாகவே.

அடுத்த வியாழன் சனலிலிருந்து அழைப்பு வந்தது, சிஞ்ஞோராவுக்கு. பாடுபவர்களைப் பற்றி அபிப்பிராயம் சொல்லும் கதிரை அவருக்குக் கிடைத்தது. இன்று வரை அதில் இருக்கிறார். திங்கட்கிழமைகளில் படியில் என்னை நிறுத்தி, தொழிலின் கஷ்டங்களைச் சொல்லுவார். நான் மொப்பில் சாய்ந்து நின்று, அனுபவசாலி மாதிரித் தலையாட்டுவேன்.

தொலைக்காட்சி போனதற்கு நான் அவ்வளவு கவலைப்படவில்லை. இரண்டு கிழமை மட்டும் மீன்கடைப் பக்கம் போகாமல் இருந்தேன். மச்சான்தான் போகவில்லை, மனதைவிட்டு. ஞாயிறு மத்தியானம் எங்கள் வீட்டில் சாப்பிடுகிறவன், இப்போது நான் வேலைக்குப் போன நேரமாகப் பார்த்து வந்து, தமக்கையின் கையால் சாப்பிட்டு, நான் இருக்கிற கதிரையில் மட்டும் இருக்காமல் போய்விடுவான். ஒருநாள் பெரிய கசாட்டா கேக் ஒன்றை வாங்கிக்கொண்டு அவன் வீட்டுக்குப் போனேன். இரண்டு துண்டு சாப்பிட்டான். "நல்லாயிருக்கு அண்ணை" என்றான். நான் வானிலையைப் பற்றிக் கதைத்தேன். கேக்கை முடித்து வந்துவிட்டேன்.

"மன்னிப்புக் கேட்டனீங்களோ?" என்றாள் மனைவி.

"கேக் குடுத்தனான்."

"கேக் கதைக்குமோ?"

பிறகு ஒரு சனிக்கிழமை, ஒரேத்தோப் பகுதியில் ஒரு மண்டபத்தில் சாமத்தியவீடு. சாப்பாட்டுக்கு முன்னம், பட்டப்பகல். சவுண்ட் மச்சான். அறிவிப்பாளர் என்னைக் கேட்காமலே மைக்கை எடுத்து, "தொலைக்காட்சிப் புகழ்" என்று கூப்பிட்டார். அது நாலு முறை மண்டபத்தைச் சுற்றியது. குமிழ் நன்றாகத்தான் இருக்கிறது என்று ஆறுதலோடு போய் மைக்கை வாங்கினேன். கரோக்கே இசை தொடங்கியது. முதல் வரியை எடுத்தேன்.

கொண்டக்டர்.

இருநூறு பேர், கையில் பலகாரத் தட்டோடு, அவரை முதன்முறையாகச் சந்தித்தார்கள். மேசையைப் பார்த்தேன். சிவப்புக் குமிழ் அடியோடு இறங்கி இருந்தது. மச்சான் இரண்டு கையையும் கட்டிக்கொண்டு, கூரையில் தொங்கிய பலூன்களை எண்ணிக்கொண்டிருந்தான். முன்வரிசையில் ஒருவர், "மைக் பழுதோ?" என்றார். பக்கத்தில் இருந்தவர், "மைக் நல்லாயிருக்கு" என்றார். மனைவி தலையில் அடிப்பாள் என்று பார்த்தேன். அவள் என்னையே நேராகப் பார்த்துக்கொண்டிருந்தாள், கேக் கதைக்குமோ என்று கேட்ட அதே முகத்தோடு.

பாட்டை நிறுத்தினேன். இசை தன்பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது.

"சபைக்கு ஒண்டு சொல்லவேணும்," என்றேன். அந்த வறட்டுக் குரலில் சொல்லும்போது அது இன்னும் அசிங்கமாக இருந்தது. "நீங்கள் பதினைஞ்சு வருசமாக் கேட்டது இது இல்லை. இதுதான் என்ரை குரல். மற்றது அந்தா, அந்த மேசையிலை இருக்கிற ஆளின்ரை. ரீவியிலையும் அவன்தான் செய்தவன். ஆர் உதவினது எண்டு என்னை ஊரறியக் கேட்டவை. எனக்குச் சொல்லத் தெரியும். தெரிஞ்சும் சொல்லேல்லை. மாமியும் ஃபோனிலை பாத்துக்கொண்டு இருந்தவ. இப்ப சொல்லுறன். அது என்ரை மச்சான்."

"...மச்சான்... ச்சான்... ச்சான்... சான்..."

மண்டபத்தின் நாலு மூலையிலிருந்தும் அது திரும்பி வந்தது. பலூன்கள் ஆடின. மச்சான் இன்னமும் கூரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். கட்டியிருந்த கைகளில் ஒன்று மட்டும் அவிழ்ந்து குமிழில் இருந்தது.

சிரிப்பு அடங்க நேரமெடுத்தது. மனைவி முந்தானையால் வாயைப் பொத்தியிருந்தாள். பலகாரத் தட்டுகள் கீழே வைக்கப்படும் சத்தம் கேட்டது, கை தட்டுவதற்குத்தான். மச்சான் இசையை முதலிலிருந்து போட்டு, மேசையிலிருந்தே கத்தினான்.

"அத்தான், தொடங்குங்கோ! ரண்டாவது சரணத்திலை அந்த மேல் இடத்துக்குப் போகாதேங்கோ. அது என்னாலையும் ஏலாது."

நான் போனேன். அவன் சமாளித்தான்.